லைன்கார் ஏறிக் கற்ற ஜப்பான் சமையல்

எங்கள் ஆட்களில் மகளைக் கட்டிக் கொடுத்து அனுப்புவதில்லை. மகனைத்தான் அனுப்புவோம். கீழக்கரையிலிருந்து கப்பலேறி வந்த முன்னோர்கள் ரங்கூனில் எதை எதையோ விட்டுவிட்டார்கள். பேச்சில் பாதி பர்மியாகிவிட்டது, உடுப்பு முழுக்க பர்மியாகிவிட்டது. இந்த ஒரு வழக்கத்தை மட்டும் விடவில்லை. நிக்காஹ் முடிந்ததும் மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வந்துவிடுவார். என் கணவரும் அப்படித்தான் ரங்கூனின் அலோன் பேட்டையில் இருந்த என் உம்மாவின் வீட்டுக்கு ஒரு தகரப் பெட்டியோடு வந்தார். உம்மா மௌத்தாகிப் பல வருடம் ஆன பிறகும், சோற்றில் உப்புக் குறைந்தால், "மாமி இருந்திருந்தா இப்படி நடக்குமா" என்று என் உம்மாவின் புகழை என்னிடமே பாடுவார்.

ஆகவே எனக்கு மருமகள் என்றால் பெருநாளைக்கு வந்து ஸலாம் சொல்லி, வட்டிலப்பம் சாப்பிட்டுப் போகிற பெண். அவளோடு ஒரே கூரைக்குக் கீழே குடியிருப்பது எப்படி என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. நானோ ஏழாவதோடு படிப்பை நிறுத்தியவள். சொல்லித் தராததைத் தானாக யோசித்துச் செய்கிற கெட்டிக்காரத்தனம் எனக்குக் கிடையாது.

என் மகன் சில வருடம் ஜப்பானில் தொழிற்சாலை வேலை பார்த்தான். அங்கேயே ஒரு பெண்ணைப் பிடித்துப்போய், அவளும் மனதார கலிமா சொல்லி, பள்ளிவாசலில் வைத்து நிக்காஹும் முடிந்தது. அல்ஹம்துலில்லாஹ், அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. வழக்கப்படி அவன் பெண் வீட்டோடு இருந்திருந்தால், "மகனை ஜப்பானில் கொடுத்திருக்கிறேன்" என்று நாலு பேரிடம் சொல்லிக்கொண்டு காலத்தை ஓட்டியிருப்பேன். அவனோ, க்யிம்யிண்டைங் சந்தையில் வாப்பா வைத்திருக்கும் அரிசி பருப்புக் கடையைப் பெரிதாக்கப் போகிறேன் என்று அவளையும் கூட்டிக்கொண்டு வந்து நின்றான். இரண்டாயிரம் பிறந்து சில வருடங்கள் ஆகியிருந்த சமயம் அது. வந்த மறுமாதமே அவள் உண்டாகியிருப்பது தெரிந்தது.

மருமகளை எப்படி வைத்துக்கொள்வது என்று தெரியாததால், எனக்குத் தெரிந்த மாப்பிள்ளை உபசாரத்தையே அவளுக்கும் செய்தேன். முன்னறையில் மேசை போட்டு, விரிப்பு விரித்து, பூப்போட்ட பீங்கான் தட்டை எடுத்து வைத்து, கரண்டியும் முள்ளும் துடைத்து வைத்தேன். புது மாப்பிள்ளை சாப்பிடும்போது யாரும் பார்த்துக்கொண்டு நிற்கக் கூடாது, கூச்சப்படுவார். அதனால் பரிமாறிவிட்டுத் திரையை இழுத்துவிட்டு நாங்கள் அடுப்படிக்கு வந்துவிடுவோம். மகன் மதியமெல்லாம் கடையில்தான் இருப்பான். நாங்கள் பாயில் உட்கார்ந்து சஹனில் சாப்பிடுவோம். சஹன் என்றால் பெரிய தாம்பாளம். நடுவில் சோற்றைக் குவித்து, கறியும் ஆணமும், அதாவது குழம்பும், மேலே விட்டு, சுற்றி உட்கார்ந்து எல்லோரும் ஒன்றாகக் கை வைப்போம்.

அவளுக்காக நெய்ச்சோறு ஆக்கினேன், விருந்துக்கு வைக்கிற களரிக்கறி ஆக்கினேன், இறால் வறுத்தேன், இடியாப்பம் பிழிந்தேன். அவள் தட்டுக்கு முன்னால் இரண்டு கையையும் சேர்த்துத் தலை குனிவாள், இரண்டு கரண்டி எடுப்பாள், மறுபடி தலை குனிந்துவிட்டு எழுந்து குளியலறைக்கு ஓடுவாள்.

"உம்மா, மச்சி சோத்துக்கு ஸலாம் சொல்லிட்டுப் போற மாதிரி ஈக்கிது" என்றாள் என் மகள். கூடப்பிறந்தவன் பெண்டாட்டி எங்களுக்கு மச்சி. அவளுக்குத் தமிழை விட பர்மி நன்றாக வரும். கேலிக்கு மட்டும் தமிழை எடுப்பாள்.

மீன் சாறு ஊற்றிய பர்மா நூடுல்ஸ், மொஹிங்கா, வாங்கி வந்தோம். அந்த வாசனைக்கே வாயைப் பொத்திக்கொண்டாள். கன்னம் ஒட்டிப்போய், லுங்கி இடுப்பில் நிற்காமல் நழுவ ஆரம்பித்தது. ஒரு நாள் மகன் என்னைத் தனியாகக் கூப்பிட்டான்.

"உம்மா, மாச முடிவு வரைக்கும் பாக்குறேன். இப்படியே இருந்தா அவங்க உம்மாட்ட கொண்டு போய் விட்டுர்றேன். அங்கன்னா வாய்க்குப் புடிச்சது எதாச்சும் உள்ள போவும்."

என் பேரப்பிள்ளை இந்த வீட்டில்தான் பிறக்க வேண்டும், என் கணவர் அதைக் கையில் வாங்கி அதன் காதில் பாங்கு சொல்ல வேண்டும் என்று நான் அதற்குள் எல்லா ஏற்பாட்டையும் மனதில் முடித்திருந்தேன். தொட்டிலுக்குக் கயிறு கூடப் பார்த்து வைத்தாயிற்று. ஒவ்வொரு தொழுகைக்குப் பிறகும், "யா அல்லாஹ், அவளைச் சாப்பிட வை, அவளைச் சாப்பிட வை" என்று கேட்டேன்.

துஆவுக்கு வழி என் கணவர் வாயிலிருந்து வந்தது.

"நம்ம கடைக்கு ஒரு ஜப்பான்காரி ஒட்டுற ஷான் மலை அரிசி வாங்க வருவா. நம்ம சந்தைக்கு அந்தப் பக்கம், ஆத்தங்கரையில வீடு. பர்மாக்காரனைக் கட்டிருக்கு. அவங்க நாட்டுலருந்து ஊர் சுத்திப் பாக்க வர்ற புள்ளைகளுக்கு வீட்டுச் சோறு ஆக்கிப் போடுதாம்."

"இம்புட்டும் நீங்க எப்பக் கேட்டீக?"

"அரிசி அளக்குறப்ப சும்மா நிக்க முடியுமா புள்ளே? ஒரு படிக்கு ஒரு கேள்வி."

முதலில் அந்த வீட்டிலிருந்து தூக்குச் சட்டியில் சாப்பாடு வாங்கி வரச் சொல்லிப் பார்த்தோம். லைன்கார் என்கிற டவுன்பஸ் நெரிசலில் வந்து சேர்ந்தபோது பாதிச் சாறு பக்கத்தில் நின்றவரின் லுங்கியில் இருந்தது, மீதி ஆறிப் பச்சைத் தண்ணீராகியிருந்தது. மருமகளையே அங்கே கூட்டிப் போகலாமென்றால், அந்தக் குலுக்கலில் ஏற்றவே கூடாது என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். சரி, நான் போய்ப் படித்துக்கொண்டு வருகிறேன் என்று கிளம்பினேன். மதியம் ளுஹர் தொழுதுவிட்டு லைன்கார் ஏறினால் சாயங்காலம் அஸர் தொழுகைக்குள் திரும்பிவிடலாம்.

என் வாழ்நாளில் நான் போன ஒரே வெளிநாட்டுப் பயணம் அதுதான். அலோனில் ஏறி க்யிம்யிண்டைங்கில் இறங்கி, மீன் கூடைகளைத் தாண்டி ஒரு மரவீட்டு வாசலில் செருப்பைக் கழற்றினால் ஜப்பான் வந்துவிடும். வெளியே ஒரு செருப்பைக் கழற்றி உள்ளே இன்னொரு செருப்பைப் போடுகிற வீட்டை அன்றுதான் பார்த்தேன். அந்தச் செருப்போடு குளியலறைக்குள் போய்விட்டேன். அங்கே அதற்கென்று மூன்றாவது ஒரு செருப்பு இருந்ததாம். அந்த அம்மா என் காலையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

அவள் என்னை விட நாலைந்து வயது இளையவள். பர்மியில் என்னை மமா, அக்கா, என்று கூப்பிட்டாள். நான் ஞீமா என்றேன், தங்கச்சி என்று அர்த்தம். நாங்கள் பேசியதெல்லாம் பர்மியில்தான், இங்கே தமிழில் எழுதுகிறேன்.

"என்ன கத்துக்கணும் மமா?"

"வாந்தி எடுக்குற புள்ளை திங்கிற மாதிரி எதாச்சும்."

அவள் சிரிக்கவில்லை. அரிசிப் பானையை இறக்கி வைத்துவிட்டு, "அப்ப சோத்துலருந்து ஆரம்பிப்போம்" என்றாள்.

எனக்குச் சுருக்கென்றது. சந்தையில் அரிசி விற்கிறவர் பெண்டாட்டிக்குச் சோறாக்கச் சொல்லித் தருகிறாளாம். ஆனால் அவள் சொன்னது சரிதான். நான் கொதிக்கவிட்டுக் கஞ்சி வடிக்கிறவள். அவளோ அரிசியைத் தண்ணீர் தெளியும்வரை கழுவி, ஊறவைத்து, அளந்த தண்ணீரை விட்டு மூடிவிட்டால் அப்புறம் திறப்பதே இல்லை. எனக்குக் கை நிற்காது. வெந்ததா என்று பார்க்க மூடியைத் தூக்கினேன். என் கையைத் தட்டிவிட்டாள். மறுபடி தூக்கினேன். மூடி மேல் அம்மிக் குழவியை வைத்துவிட்டு, பக்கத்தில் முக்காலி போட்டுக் காவலுக்கு உட்கார்ந்துவிட்டாள். அந்தச் சோறு உதிரியாகவும் இல்லை, குழையவும் இல்லை. ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நின்றது.

அடுத்த பாடம் சாறு. ஒரு மரப்பெட்டியைக் கொண்டு வந்தாள். ஆசாரியின் இழைப்புளியைக் கவிழ்த்து வைத்தது போல மேலே ஒரு கத்தி. இன்னொரு கையில் கருத்த கட்டை. அடுப்பு மூட்ட விறகு சீவுகிறாள் என்றுதான் நினைத்தேன். சீவச் சீவ பட்டுத்துணி மாதிரிச் சுருள் விழுந்தது. வாசனை மூக்கில் ஏறியதும் நான் எழுந்து நின்றுவிட்டேன்.

"ஞீமா, இது மாசி."

"இல்ல மமா, இது மீன்."

"மீனுதான். சூரை மீன அவிச்சுக் காயவச்சா, அதத்தான் நாங்க மாசிம்போம்."

அவளுக்கு நம்பிக்கை வரவில்லை. மறுநாள் என் வீட்டு மாசித் துண்டைப் பத்திரிகைத் தாளில் சுற்றிக் கொண்டு போனேன். கொழும்பு வழியாக வருகிற சொந்தக்காரர்கள் எங்களுக்குக் கொண்டு வருகிற மாசிதான். அதை முகர்ந்தாள், தன்னுடைய கட்டையோடு சேர்த்துத் தட்டிப் பார்த்தாள். இரண்டும் காய்ந்த மரம் போலக் கணீரென்றன. பிறகு என்னுடையதைச் சீவி, கடல்பாசி ஊறிய வெந்நீரில் போட்டு, வடித்து, ஒரு மிடறு குடித்தாள்.

"கொஞ்சம் முரடு. ஆனா என் மீனுக்கு இது சித்தப்பா மகன்தான்" என்றாள்.

எனக்குப் பெருமை தாங்கவில்லை. ஆனால் அந்தப் பெருமையை அவள் உடனே கெடுத்தாள். சாற்றை வடித்துவிட்டு, மாசியைக் குப்பைக் கூடைக்குக் கொண்டு போனாள். நான் அவள் மணிக்கட்டைப் பிடித்தேன்.

"என்னா செய்றே?"

"ருசியெல்லாம் தண்ணிக்கு வந்துருச்சு மமா. இனி இதுல ஒண்ணும் இல்ல."

"எங்க மார்க்கத்துல வீண்விரயம் ஆகாது."

அந்தச் சக்கையை வீட்டுக்குக் கொண்டு போய், வெங்காயமும் மிளகாயும் தேங்காய்ப்பூவும் போட்டு வதக்கி, மறுநாள் ஒரு கிண்ணத்தில் கொண்டு வந்து வைத்தேன். அவளுடைய புருஷன், வாயே திறக்காத பர்மாக்காரர், அதை முழுவதும் தின்றுவிட்டு, நாளைக்கும் சாறு வைக்கச் சொன்னாராம்.

மூன்றாவது பாடத்தில் சங்கடம் வந்தது. பூசணிக்காயைத் தோலோடு துண்டு போட்டு, மாசிச் சாற்றிலும் சோயா சாஸிலும் வேகவைக்கிறோம். அவள் ஒரு புட்டியிலிருந்து தேன் நிறத்தில் எதையோ தாராளமாக ஊற்றினாள். கொதி வந்ததும் கரண்டியில் எடுத்து நீட்டினாள். நான் பிஸ்மி சொல்லிக் குடித்தேன். நல்ல இனிப்பு.

"இது என்னா பாகு?"

"அரிசியில செய்யிறது. ஒரு மாதிரி ஒயின்."

நான் ஓடிய ஓட்டத்தில் வீட்டுச் செருப்பு ஒன்று சுவரேறியது. கொல்லைக் குழாயில் வாயைக் கொப்பளித்து, பாவமன்னிப்புக் கேட்டுத் தவ்பா செய்து, மறுபடி கொப்பளித்தேன். நாக்கு வெந்துவிட்டது என்று நினைத்து அவள் பின்னாலேயே பனிக்கட்டியோடு ஓடி வந்தாள். நான் பிஸ்மி சொல்லிக் குடித்ததை நினைத்து எனக்கு அழுகை. பனிக்கட்டியை வாங்க மாட்டேன் என்கிறேனே என்று அவளுக்குக் கவலை. ஒருவழியாக விஷயம் புரிந்ததும் தலையைத் தலையைக் குனிந்து மன்னிப்புக் கேட்டாள். பிறகு புட்டியைத் தூக்கிப் பரணில் வைத்துவிட்டு, இடுப்பில் கை வைத்து அடுப்பைப் பார்த்தாள்.

"இது இல்லாம பூசணிக்கா பளபளன்னு வராதே."

"பனைவெல்லம் ஈக்கிதா?"

பனைவெல்லத்தைக் கரைத்து வடிகட்டி, இரண்டு சொட்டு இஞ்சிச் சாறு விட்டுப் பார்த்தோம். முதல் தடவை பாயசம் ஆகிவிட்டது. அடுத்த தடவை கறுத்துப்போனது. அதற்கடுத்து அவள் ஒரு துண்டைத் தின்றுவிட்டு இன்னொரு துண்டை எடுத்தாள்.

"எங்க அம்மா பாத்தா திட்டுவா" என்றாள். "ஆனா திட்டிக்கிட்டே தின்னுருவா."

அன்றிலிருந்து எந்தப் புட்டியைத் திறந்தாலும் முதலில் அவளே, "இதுல இல்ல மமா" என்பாள். சோயாவை அரிசியோடு புளிக்கவைத்து மண்ஜாடியில் அவள் வைத்திருந்த விழுதைப் பற்றியும் கேட்டேன். பர்மாக்காரர்கள் மீனை நொதிக்க வைத்துச் செய்கிற ங்கப்பி விழுது மாதிரி, ஆனால் மீன் போடாதது. மயக்கம் தராது என்று சத்தியம் செய்தாள். இருந்தாலும் என் கணவரை விட்டுப் பள்ளி ஹஜ்ரத்திடம் கேட்டுவிட்டுத்தான் கரைத்தேன்.

வீட்டில் நான் பழகிப் பார்த்ததையெல்லாம் தின்றவர் என் கணவர். முட்டையை மெல்லிசாக ஊற்றி, சுருட்டி, அதன் மேல் மறுபடி ஊற்றி, மறுபடி சுருட்ட வேண்டும். ஞீமாவிடம் சதுரச் சட்டி. என்னிடம் தோசைக்கல். சுருள் வரவேண்டிய இடத்தில் கந்தல் வந்தது.

"என்னா புள்ளே, ஜப்பான்ல முட்டையைச் சண்டை போட்டுத்தான் ஆக்குவாங்களா?"

"திங்கிறீகளா, எடுத்துரட்டா?"

"திங்கிறேன். ஒரு கேள்விதான் கேட்டேன். மிளகாப்பொடி போட்டா மார்க்கத்துக்கு ஆகாதா?"

என் கையும் தானாக மிளகாய்ப்பொடி டப்பாவைத் தேடித்தான் போகும். ஞீமாவின் அடுப்படியில் எத்தனையோ தடவை புறங்கையில் அடி வாங்கியிருக்கிறேன். கடைசியில் டப்பாவை மகளிடம் கொடுத்து, நான் அழுது கேட்டாலும் தராதே என்று சொல்லி வைத்தேன்.

ஒரு வெள்ளிக்கிழமை, ஜும்ஆ முடிந்து ஆண்கள் வருவதற்குள் எல்லாவற்றையும் ஆக்கி முடித்தேன். ஷான் அரிசிச் சோறு. கரியில் சுட்ட உப்பு மீன். பூசணிக்காய். ஓரளவு சுருண்ட முட்டை. வெள்ளரிக்காய்ப் பச்சடி. மாசிச் சாற்றில் அந்த விழுதைக் கரைத்த சாறு. ஒவ்வொன்றையும் ருசி பார்த்தேன், ஞீமா ஆக்கியது போலவே இருந்தது. மாஷா அல்லாஹ் என்று நானே சொல்லிக்கொண்டேன்.

பிறகு அதைப் பரிமாற வேண்டும் அல்லவா? அங்கேதான் நான் ஒன்றும் படிக்காமல் வந்திருந்தேன். ஞீமா வீட்டில் நாங்கள் அடுப்பின் முன்னால் நின்றபடியே கரண்டியில் நக்கிப் பார்த்துவிட்டு, அஸருக்கு நேரமாகிவிட்டது என்று நான் லைன்காருக்கு ஓடிவிடுவேன். அவர்கள் உட்கார்ந்து சாப்பிட்டு நான் பார்த்ததே இல்லை. அலமாரியில் சின்னச் சின்னக் கிண்ணங்கள் அடுக்கியிருந்ததைப் பார்த்திருக்கிறேன். பிள்ளைகள் விளையாடுகிற சாமான் என்று நினைத்திருந்தேன்.

முன்னறை மேசையில் பீங்கான் தட்டை வைக்கப் போனேன். என் கணவர் வழியை மறித்தார்.

"இத்தனை நாளா கந்தலைத் தின்னது நான். இன்னைக்கு நல்லா வந்துருச்சுன்னு அங்க தூக்கிட்டுப் போறியா? எல்லாருக்கும் சேத்து வை."

எல்லோருக்கும் என்றால் சஹன்தான். விருந்து என்றாலும் சஹன்தான். பாயை விரித்து சஹனை நடுவில் வைத்தேன். சோற்றைக் குவித்தேன். ஒரு பக்கம் பூசணிக்காய், ஒரு பக்கம் முட்டை, மேலே மீனை முள்ளெடுத்துப் பிய்த்துப் போட்டேன், வெள்ளரிக்காயை ஓரமாகத் தூவினேன். ஆணம் விடுகிற மாதிரி, அந்தச் சாற்றை அப்படியே சுற்றிலும் மேலே ஊற்றினேன்.

மகன் அறையிலிருந்து அவளைக் கூட்டி வந்தான். அவள் வந்து நின்றாள். சஹனைப் பார்த்தாள். ஒவ்வொன்றாக அவளுக்கு அடையாளம் தெரிவது முகத்தில் தெரிந்தது. கண் பெரிதானது. வாயைப் பொத்திக்கொண்டாள். போச்சு, குளியலறைக்கு ஓடப்போகிறாள் என்று நான் வழிவிட்டு ஒதுங்கினேன்.

அவள் ஓடவில்லை. தோள் குலுங்கியது. சிரிக்கிறாளா அழுகிறாளா என்று எனக்குப் பிடிபடவில்லை. மகனிடம் ஏதோ சொன்னாள். அவனும் வாயைப் பொத்திக்கொண்டான்.

"என்னடா?"

"ஒண்ணும் இல்ல உம்மா. அவங்க ஊர்ல இதெல்லாம் தனித்தனிக் கிண்ணத்துல வைப்பாங்க. சாற எது மேலயும் ஊத்த மாட்டாங்க, கையில ஏந்திக் குடிப்பாங்க. இப்படி ஒரே தட்டுல ஜப்பான் முழுக்கக் கலந்து அவ பாத்ததே இல்லையாம்."

சஹனை எடுத்துவிடலாம் என்று குனிந்தேன். அதற்குள் அவள் எனக்கும் என் மகளுக்கும் நடுவில் பாயில் உட்கார்ந்துவிட்டாள். இரண்டு கையையும் சேர்த்துத் தலை குனிந்தாள், பிஸ்மி சொன்னாள், எங்களைப் பார்த்துப் பார்த்து விரலைக் குவித்துச் சோற்றில் கை வைத்தாள். முதல் கவளத்தில் பாதி மடியில் விழுந்தது. இரண்டாவது கவளம் வாய்க்குப் போனது. பிறகு நான் எண்ணுவதை விட்டுவிட்டேன். பூசணிக்காய் இருந்த பக்கம் காலியானதும், என் கணவர் தன் பக்கத்துத் துண்டுகளை ஒவ்வொன்றாக விரலால் அவள் பக்கம் தள்ளிவிட்டார். அதையும் தின்றாள்.

கை கழுவிய பிறகு அவள் மகனிடம் மெதுவாக ஏதோ கேட்டாள். அவன் தயங்கித் தயங்கி எங்களிடம் சொன்னான்.

"இத்தனை நாளா தன்னை ஏன் தனியா திரைக்குப் பின்னால வச்சு சோறு போட்டீங்கன்னு கேக்குறா. புதுசா மார்க்கத்துக்கு வந்தவங்க, புள்ளை பொறக்குற வரைக்கும் மத்தவங்களோட கை நனைக்கக் கூடாதுன்னு எதாச்சும் சட்டம் ஈக்கிதோன்னு நெனச்சாளாம். கேட்டா மரியாதைக் குறைவா ஆயிருமோன்னு கேக்கலையாம். நீங்க எல்லாரும் உள்ள சிரிக்கிற சத்தம் கேக்குமாம். அப்ப சோறு எறங்காதாம்."

யா அல்லாஹ். மாப்பிள்ளைக்குக் கொடுக்கிற மரியாதையை ஒரு மசக்கைக்காரிக்குக் கொடுத்திருக்கிறேன். என் மகள் பாயில் உருண்டு சிரித்தாள். நான் மருமகளின் தலையைப் பிடித்து உச்சியில் முத்தம் கொடுத்தேன். வேறு என்ன செய்வது?

அதற்குப் பிறகு முன்னறை மேசை துணி மடிக்கத்தான் பயன்பட்டது. அவள் எங்களோடு உட்கார்ந்து, நான் ஆக்கிய ஜப்பான் சோறும் தின்றாள், களரிக்கறியும் தின்றாள். சாற்றைத் தனிக் கிண்ணத்தில் வைத்தால், அவளே எடுத்துச் சோற்று மேல் ஊற்றிக்கொண்டு என்னைப் பார்த்துச் சிரிப்பாள். என் கணவர் மட்டும், "நாலாம் மாசம் பொறந்தா எல்லாருக்கும் வாந்தி நிக்கத்தான் செய்யும். ஒனக்கு நிக்கல?" என்று என் சமையல் படிப்புக்கு மார்க் போட மறுத்தார். சொல்லட்டும். அவள் கன்னம் மினுமினுத்தது. மாதம் முடிய இருந்தது. நான் தொட்டில் கயிற்றை வெயிலில் போட்டேன்.

அப்போதுதான் மகன் கழுத்தைச் சொறிந்துகொண்டு வந்து நின்றான்.

"உம்மா, டாக்டரம்மா பாத்துட்டாங்க. நல்ல தெம்பா ஈக்கிறாளாம். இனி பிளேன்ல போலாமாம்."

"எங்க போறதுக்கு?"

"அவங்க உம்மாட்ட. மொதப் புள்ளைய உம்மா வீட்டுலதான் பெறணும்னு அவங்க ஊர் வழக்கம். அவளுக்கும் ஆசை."

"சாப்புடாட்டிதானே கொண்டு போறேன்னே? இப்பத்தான் சாப்புடுறாளே."

"சாப்புட்டதுனாலதான் உம்மா போறதுக்குத் தெம்பு வந்துச்சு."

லைன்காரில் நான் பட்ட இடியெல்லாம் அவளுக்குப் பயணத் தெம்பாகப் போய்ச் சேர்ந்திருக்கிறது. எனக்கு வந்த கோபத்தில், "நிக்காஹ் முடிஞ்சா மாமியார் வீடுதான் ஒரு பொண்ணுக்கு வீடு" என்றேன்.

சாய்வு நாற்காலியில் இருந்த என் கணவருக்குப் புரையேறியது.

"இங்க பாரு புள்ளே. நம்ம ரெண்டு புள்ளையும் எங்க பொறந்துச்சு?"

"இந்த வீட்டுல."

"இது யாரு வீடு?"

"எங்க உம்மா வீடு."

"என்னைப் பெத்த உம்மா ஒரு நாளாச்சும் வந்து, என் வீட்டுலதான் பெறணும்னு ஒன்னைக் கேட்டாங்களா?"

முக்காட்டைத் தலையில் இழுத்துவிட்டுக்கொண்டு க்யிம்யிண்டைங்குக்கு லைன்கார் ஏறினேன். ஞீமா என் பக்கம் இருப்பாள் என்று நினைத்தேன். அவளும் புருஷன் ஊரில் இருக்கிறவள்தானே.

அவள் முள்ளங்கி சீவிக்கொண்டிருந்தாள். நான் சொன்னதையெல்லாம் கேட்டாள்.

"நீ வந்து ஒன் பாஷையில ஒரு வார்த்தை சொல்லு ஞீமா. இங்கயே பெத்துக்கலாம், ஒண்ணும் பயமில்லன்னு."

அவள் கத்தியைக் கீழே வைத்தாள்.

"என் பெரியவன் இந்த ஊர் ஆஸ்பத்திரியிலதான் பொறந்தான் மமா. அப்ப எனக்கு ஊருக்குப் போக வழியில்ல. வலி வந்ததும் பர்மி எல்லாம் மறந்து போச்சு. நர்ஸு என்ன கேட்டாலும் என் பாஷையிலயே சொல்றேன். அவளுக்கு ஒண்ணும் புரியல. அம்மா அம்மான்னு நான் கூப்புடுறது மட்டும் புரிஞ்சிருக்கு. அதுக்கு அவ, ஒங்க அம்மா வெளியதான் நிக்கிறாங்கன்னு சொல்லி என் கையைப் புடிச்சுக்கிட்டா. வெளிய நின்னது என் மாமியார். நல்ல மனுஷி. ஆனா என் அம்மா இல்ல."

அவள் கத்தியை எடுத்து மறுபடி முள்ளங்கியைச் சீவினாள்.

"இதச் சொல்லச் சொன்னா ஒங்க மருமககிட்ட வந்து சொல்றேன். வேற எதையும் என்னால சொல்ல முடியாது."

நான் எழுந்தேன். அவள் வாசல் வரை வந்து, செருப்பை என் காலுக்கு நேராகத் திருப்பி வைத்தாள். திரும்பும்போது லைன்காரில் கம்பியைப் பிடித்து நின்றபடி, என் மகன் பிறந்த அன்று என் உம்மா என் வாயில் ஊட்டிய கஞ்சியை நினைத்துக்கொண்டு வந்தேன். அதில் உப்புப் போட மறந்திருந்தார்கள். அப்படி ருசியாக நான் அப்புறம் எதையும் தின்றதில்லை.

மஃரிப் தொழுதுவிட்டு மகனைக் கூப்பிட்டேன்.

"டிக்கெட் எடு. ரெண்டு டிக்கெட். நீயும் கூடப் போ. புள்ளை பொறந்து நாப்பது நாள் கழியிற வரைக்கும் மாமியார் வீட்டுல மாப்பிள்ளையா இரு. போட்டதத் தின்னு, குறை சொல்லாதே."

என் கணவர் நாற்காலியில் நிமிர்ந்தார். "பாங்கு?"

"என் மகனுக்கு வாய் இல்லையா? அவன் சொல்லுவான்."

அவர் மறுபடி சாய்ந்துகொண்டார். கொஞ்ச நேரம் கழித்து, மகனைப் பக்கத்தில் உட்கார வைத்து, எந்தக் காதில் பாங்கு, எந்தக் காதில் இகாமத் என்று அவனுக்குத் தெரிந்ததையே மறுபடி சொல்லிக் கொடுக்க ஆரம்பித்தார்.

பேத்தி அங்கேதான் பிறந்தாள். சுகப் பிரசவம், அல்லாஹ்வின் கிருபை. நடக்கப் பழகிய பிறகுதான் அவளை எங்கள் கையில் வாங்கினோம்.

அவர்கள் இருவரும் ஜப்பானுக்குக் கிளம்புவதற்கு முந்தின நாள் மருமகள் அடுப்படியில் என் பக்கத்தில் உட்கார்ந்து பூசணிக்காய் நறுக்கினாள். மகன் வாசற்படியில் இருந்தான்.

"அவங்க உம்மா கேப்பாங்கல்ல, மாமியார் ஒனக்கு என்னா ஆக்கிப் போட்டாங்கன்னு? எல்லாத்தையும் ஒழுங்கா சொல்லச் சொல்லு" என்றேன்.

அவன் சொன்னான். அவள் நறுக்குவதை நிறுத்திவிட்டுச் சிரித்து, கையால் சஹனில் ஊற்றுகிற மாதிரிக் காட்டி, வேகமாக ஏதோ பேசினாள்.

"அத மட்டும் சொல்ல மாட்டாளாம் உம்மா. சாற எல்லாத்து மேலயும் ஊத்தினீங்கன்னு தெரிஞ்சா, அவங்க உம்மா ஒங்களுக்குப் பரிமாறச் சொல்லித் தர்றேன்னு அடுத்த பிளேன்லயே பொறப்பட்டு இங்க வந்துருவாங்களாம்."

"அப்படின்னா கட்டாயம் சொல்லச் சொல்லு" என்றேன்.